செல்வராணியின் கடைசித் தாள்

போன சனிக்கிழமை என் மகள் தன்னுடைய அறையைத் துப்புரவாக்கப் போகிறேன் என்று ஆரம்பித்து, எப்படியோ என்னுடைய அலுமாரியில் வந்து நின்றாள். பழைய கடவுச்சீட்டுகள், காலாவதியான பஸ் பாஸ்கள், ஒற்றைத் தோடு என்று ஒவ்வொன்றாக எடுத்து, எது வேண்டும் எது வேண்டாம் என்று கேட்டுக்கொண்டே வந்தவள், கடதாசி உறைக்குள் இருந்த ஒரு சிடியைத் தூக்கிப் பிடித்தாள். உறையின் மேல் என் கையெழுத்தில் "மலர் – கடைசித் திருத்தம்" என்று எழுதியிருந்தது. அதைப் போட்டுப் பார்க்க எங்கள் வீட்டில் இப்போது ஒரு கருவியும் இல்லை. அவள் யாரோ சிநேகிதியிடம் சிடி போடுகிற ஒரு சின்னப் பெட்டியை இரவல் வாங்கி வந்து மடிக்கணினியில் செருகி, ஒரு கோப்பைத் திறந்தாள். திரை முழுக்க ஆங்கில எழுத்துகளும் அரைப்புள்ளிகளும் கோழி கிளறிவிட்ட மாதிரிக் கிடந்தன.

"அம்மா, இட்ஸ் ஆல் ஜிபரிஷ்" என்றாள். அவள் பிறந்ததிலிருந்தே லண்டன்காரி. அம்மா, மாமா, பசிக்குது ஆகிய மூன்றையும் தவிர மற்றதெல்லாம் அவளுக்கு ஆங்கிலத்தில்தான் வரும்.

எனக்கு அது அர்த்தமில்லாத குப்பையாகத் தெரியவில்லை. எம், கே, ஓர் அரைப்புள்ளி, மறுபடி கே, பிறகு எச். பார்த்த உடனே என் விரல்கள் மேசையில் தாமாக அசைந்தன. அது 'அம்மா'. அந்த நாளில் நாங்கள் எல்லாரும் பாமினி என்ற எழுத்துருவில்தான் தமிழ் அடித்தோம். அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் தமிழ் இப்படித்தான் வேஷம் போட்டுக்கொண்டு நிற்கும். கண்ணால் வாசிக்க முடியாததை நான் விரலால் வாசித்துக்கொண்டு போனேன். எஃப், ஜே, ஒரு பெரிய டீ. 'கதவு'. இது ஒரு கதை, செல்வராணி என்ற ரீச்சர் எழுதியது, என்று மகளிடம் சொன்னேன். அவள் என் நெற்றியைத் தொட்டுப் பார்க்காத குறைதான்.

எங்களுடைய இரண்டு யுத்தங்களுக்கு நடுவில் ஒரு சின்ன இடைவெளி வந்தது, உங்களுக்கும் ஞாபகம் இருக்கும். சமாதான காலம் என்று சொன்னோம். ஏதோ நெடுங்காலம் நீடித்ததுபோல ஒலிக்கிறது. உண்மையில் அதில் முழுதாக நம்பி வாழ்ந்தது முதல் வருடத்தை மட்டும்தான். யாழ்ப்பாணத்துக்குப் போகிற கண்டி வீதி திறந்தது. பன்னிரண்டு, பதினைந்து வருடம் ஊரைப் பார்க்காதவர்களெல்லாம் ஈஸ்ட் ஹாம் நகைக்கடைகளிலும் புடவைக்கடைகளிலும் சாமான் வாங்கிக்கொண்டு விமானம் ஏறினார்கள். திரும்பி வந்தவர்களின் வீடுகளில் ஒரு மாதத்துக்கு மிளகாய்த்தூள் வாசம் போகாது. வீதியில் யாரைக் கண்டாலும் முதல் கேள்வி, நீங்கள் எப்போது போகிறீர்கள் என்பதுதான். நான் அடுத்த வருடம் என்று சொல்வேன். எனக்கு அப்போது விசா கிடைக்கவில்லை. நான்கு வருடமாக உள்துறை அலுவலகத்தின் கடிதத்துக்குக் காத்திருந்தேன். நாட்டைவிட்டு வெளியே போனால் திரும்பி வர ஏலாது. ஆனால் அதை ஒவ்வொருவருக்கும் நின்று விளக்கிக்கொண்டிருக்க முடியுமா? அடுத்த வருடம் என்பது வசதியான பதில்.

அப்போது எனக்கு வேலை வால்தம்ஸ்டோவில் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில். தலையில் வலைத்தொப்பி, கையில் நீளமான கரண்டி. பிள்ளைகளுக்கு அவித்த பட்டாணியும் மஞ்சள் நிறக் கஸ்டர்டும் ஊற்றுவேன். எத்தனை தடவை குளித்தாலும் கஸ்டர்ட் வாசம் முடியில் இருக்கும். நான் யாழ்ப்பாணத்தில் தமிழும் ஆங்கிலமும் தட்டச்சுப் படித்தவள். கச்சேரியில், அரசாங்க அலுவலகத்தில், எனக்குக் கிளறிக்கல் வேலை கிடைக்கும் என்பது அப்பாவின் திட்டம். அந்தத் திட்டம் கஸ்டர்டில் வந்து முடிந்தாலும் தட்டச்சு வீண்போகவில்லை. ஒருநாள் ஈஸ்ட் ஹாமில் ஒரு புத்தக வெளியீட்டில், தமிழ் அடிக்கத் தெரிந்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா என்று மேடையிலிருந்து கேட்டார்கள். நான் கையை உயர்த்திவிட்டேன். அந்தக் கையை இறக்க நான்கு வருடம் ஆனது.

மேடையிலிருந்து கேட்டவர் யோகன் அண்ணை. ஊரில் கணக்கு வாத்தியார். லண்டனில் கவுன்சிலுக்காகக் கார்களில் பார்க்கிங் டிக்கெட் ஒட்டுகிறவர். சீருடையில் அவர் ஹை ஸ்ட்ரீட் நோர்த்தில் நடந்து வந்தால் எங்கள் கடைக்காரர்களே ஓடிப்போய்த் தங்கள் வான்களை நகர்த்துவார்கள். அதே மனிதர் மாலையில் கவிதை வாசித்தால் அவர்களே கடைசி வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருப்பார்கள். அவர் ஒரு சிற்றிதழ் நடத்தினார். மூன்று மாதத்துக்கு ஒருமுறை என்று அட்டையில் போட்டு, வருடத்துக்கு ஒருமுறை கொண்டுவருவார். கணக்கு வாத்தியார் எப்படி இப்படிக் கணக்குப் பிழைக்கிறார் என்று நாங்கள் பகிடி பண்ணுவோம்.

இதழின் அலுவலகம் என்பது ஒரு புடவைக்கடையின் மேல்மாடி அறை. கடை மனோ அக்காவின் கணவருடையது. மனோ அக்கா பதினான்கு வருடம் ஜெர்மனியில் இருந்துவிட்டு லண்டனுக்கு வந்தவர். ஒரு எழுத்துப் பிழை அவர் கண்ணிலிருந்து தப்பியதில்லை. பள்ளிப் பிள்ளைகளின் அடிமட்டமொன்றை வரிக்குக் கீழே வைத்து, வரி வரியாக இறக்கிக்கொண்டு போவார். புடவைப் பெட்டிகளுக்கு நடுவில் ஒரு மேசை, ஒரு பழைய கணினி, தண்ணீர் கொதிக்க வைக்கிற கேத்தல். புதுச் சேலையின் கஞ்சி மணமும் தேயிலை மணமும் கலந்து கிடக்கும். சனிக்கிழமைகளில் நான் பஸ் பிடித்து அங்கே போய்விடுவேன்.

அந்தச் சமாதான வருடத்தில் யோகன் அண்ணைக்கு ஓர் ஆசை பிடித்தது. அந்த ஒரு வருடத்தில் எங்கள் ஆட்கள் எங்கெங்கே இருந்து என்னென்ன கதை எழுதினார்களோ, எல்லாவற்றையும் சேர்த்து ஒரு தடித்த மலராகப் போட வேண்டும். "இவ்வளவு காலமும் ஒரு ஊர்க்காரன் எழுதினதை மற்ற ஊர்க்காரன் வாசிக்கேல்லை. பாதை இல்லை. இப்ப பாதை இருக்கு. இந்த ஒரு வருசத்தையாவது ஒண்டா வைப்பம்" என்றார்.

நாங்கள் நம்பவில்லை, ஆனால் கதைகள் வந்தன. அதைத்தான் என்னால் இன்றும் மறக்க முடியவில்லை. யாழ்ப்பாணத்திலிருந்து, மட்டக்களப்பிலிருந்து, மலையகத்துத் தோட்டமொன்றிலிருந்து வந்தன. யாழ்ப்பாணத்தைவிட்டு வெளியேற்றப்பட்டுப் புத்தளத்தில் இருந்த ஒரு முஸ்லிம் பெரியவர், தான் பிறந்த தெருவைப் பற்றி இருபத்தாறு பக்கம் எழுதி அனுப்பியிருந்தார். பாரிஸில் உணவகத்தில் வேலை செய்யும் ஒருவர் சாப்பாட்டு ஓடர் எழுதுகிற துண்டுகளில் எழுதியிருந்தார். துண்டுகளை ஒழுங்குபடுத்தவே எனக்கு இரண்டு சனிக்கிழமை போயிற்று. கொழும்பில் சிங்கள எழுத்தாளர்களோடு ஒரே மேடையில் இருந்து பேசியதை ஒருவர் கடிதமாக எழுதினார். யாழ்ப்பாணத்தில் புத்தகக் கடையில் கூட்டம் நிற்கிறது என்று போய்வந்தவர்கள் சொன்னார்கள். ஆள் ஆளுக்கு எழுதிக்கொண்டிருந்தார்கள். ஏதோ எல்லாருக்கும் ஒரே நேரத்தில் பேச்சு வந்துவிட்டதுபோல இருந்தது.

யுத்தம் அதிகம் நடந்த வன்னியிலிருந்து மட்டும் ஒன்றும் வரவில்லை. யோகன் அண்ணை அதற்காகவே காத்திருந்தார். வன்னிக் கதை இல்லாமல் மலர் இல்லை என்றார். கடைசியில் ஆடி மாதத்தில் ஒன்று வந்தது. கொண்டு வந்தவர் புஷ்பம் அன்ரி. பக்கத்துத் தெருவில் தையல் வேலை செய்கிறவர். தம்பியைப் பார்க்க வவுனியாவுக்குப் போனவரிடம், தம்பி ஓர் உறையைக் கொடுத்து அனுப்பியிருந்தார். உறைக்குள் பள்ளிக்கூடக் கொப்பியிலிருந்து கிழித்த தாள்கள். மிளகாய்த்தூள் பைக்குப் பக்கத்தில் இருந்ததால் ஓரமெல்லாம் சிவந்திருந்தது. மனோ அக்கா வாசிக்கும்போதே தும்மினார்.

கதையை எழுதியவர் செல்வராணி, கிளிநொச்சிப் பக்கம் ஒரு சின்னப் பாடசாலையில் ஆசிரியை. ஒரு குடும்பம் குண்டுவீச்சுக்குப் பயந்து வீட்டைவிட்டு ஓடும்போது முன்கதவைக் கழற்றித் தங்களோடு கொண்டு போகிறது. வைரம் பாய்ந்த முதிரை மரக் கதவு. போகிற இடமெல்லாம் அதைக் கொண்டு போகிறார்கள். ஓரிடத்தில் அது கட்டில், இன்னோரிடத்தில் பிள்ளைகள் எழுதுகிற மேசை, மற்றோரிடத்தில் மழைக்கு மறைப்பு. ஏழு இடம் மாறிய பிறகு சமாதானம் வருகிறது. கதவை மாட்டுவண்டியில் ஏற்றிக்கொண்டு வீட்டுக்குத் திரும்புகிறார்கள். நான் அடித்துக்கொண்டு வந்தேன். "படலையைத் திறந்துகொண்டு உள்ளே போனபோது" என்று பதினோராம் தாளின் கடைசி வரி. அதற்குப் பிறகு தாள் இல்லை.

உறையை உதறினோம். புஷ்பம் அன்ரியின் வீட்டுக்குப் போய்ப் பெட்டியைக் கவிழ்த்தோம். வழியில் சோதனைச் சாவடியில் பெட்டியைத் திறந்து எல்லாவற்றையும் மேசையில் பரப்பினார்கள், அப்போது காற்று வேறு அடித்தது, என்று அவர் கண் கலங்கினார். அவரைத் தேற்றிவிட்டு வந்தோம்.

அன்றைக்கு மேல்மாடியில் பெரிய வாக்குவாதம். முடிவு கிடைக்கவில்லை என்று ஒரு குறிப்புப் போட்டு அப்படியே அச்சிடுவோம் என்றார் யோகன் அண்ணை. கையையும் காலையும் வெட்டி ஒருவரை மேடையில் ஏற்றுவதா என்று கேட்டார் மனோ அக்கா. எழுதியவரைக் கண்டுபிடிக்கலாம், ஆனால் அங்கே வீடுகளில் தொலைபேசி கிடையாது. அச்சகத்துக்குக் கொடுக்க இரண்டு மாதம் இருந்தது. ஒன்றும் முடிவாகவில்லை. நான் தாள்களை வீட்டுக்குக் கொண்டு போனேன்.

இனி நான் சொல்லப்போவது எனக்குப் பெருமை தருகிற விஷயம் இல்லை. அடுத்த சில நாள் பட்டாணி அவிக்கும்போதும் கரண்டி பிடிக்கும்போதும் வேலிக்கு நடுவில் அந்தப் படலைதான் கண்ணில் நின்றது. உள்ளே போனபோது என்ன? வீடு இருந்ததா? சுவர் இருந்ததா? எனக்குத் தாங்கவில்லை. வியாழக்கிழமை வேலையால் வந்து, உடுப்பும் மாற்றாமல் உட்கார்ந்து, அந்த முடிவை நானே எழுதினேன். கூரை போயிருந்தது, ஆனால் சுவர் நின்றது. கதவு நிலை நின்றது. அப்பா கதவைத் தூக்கி வைக்க, அது சொல்லிவைத்ததுபோலப் பொருந்தியது. அம்மா அதில் சாய்ந்துகொண்டு மேலே பார்க்க, கூரை இல்லாத வீட்டுக்குள் நிலவொளி பால்போல இறங்கியது. எழுதி முடித்து நானே அழுதேன். எழுதியவளே அழுகிற எழுத்து எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும்.

சனிக்கிழமை போய்ப் பொய் சொன்னேன். கடைசித் தாள் இன்னொரு தாளின் பின்னால் ஒட்டியிருந்தது, மிளகாய் எண்ணெய்ப் பிசுக்கு, அதனால் தெரியவில்லை என்றேன். அடித்த பக்கத்தை நீட்டினேன். யோகன் அண்ணை வாசித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டு, வன்னியிலிருந்து இப்படி ஒரு கை வருமென்று தனக்குத் தெரியும் என்று சொன்னார். அந்த நேரத்தில் எனக்கு வந்த சந்தோஷத்தை மறைக்க மாட்டேன்.

மனோ அக்கா அடிமட்டத்தை எடுத்தார். வரி வரியாக இறக்கினார். யோகன் அண்ணை வேலைக்குப் போன பிறகு கேத்தலைப் போட்டுவிட்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"பிள்ளை, பதினொரு தாளிலையும் செல்வராணி ஒரு இடத்திலையும் நிலாவைப் பற்றிக் கதைக்கேல்லை" என்றார்.

நான் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"சனத்துக்கு வானத்தைப் பாக்கவே பயம். அங்கையிருந்துதானே குண்டு வந்தது. அவ அப்பிடி எழுதியிருக்க மாட்டா."

கேத்தல் கொதித்து நின்றது. மனோ அக்கா கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். அவர் தேத்தண்ணி ஊற்றித் தந்தார். ஏன் எழுதினேன் என்று கேட்கவில்லை. எல்லாரும் ஊருக்குப் போகிறார்கள், நீ போக ஏலாமல் இருக்கிறாய், எனக்குத் தெரியாதா என்று மட்டும் சொன்னார். பிறகு இரண்டு வேலை தந்தார். ஒன்று, யோகன் அண்ணையிடம் நானே சொல்ல வேண்டும். மற்றது, செல்வராணியைக் கண்டுபிடிக்க வேண்டும்.

முதலாவதுதான் கஷ்டம். அடுத்த வாரம் அவர் டியூட்டியில் இருக்கும்போது தெருவிலேயே போய்ப் பிடித்தேன். ஒரு நீலக் காரின் கண்ணாடியில் டிக்கெட்டை ஒட்டிக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னேன். கையிலிருந்த டிக்கெட் கருவியை இடுப்புப் பட்டியில் செருகினார்.

"அப்ப நான் அழுதது உன்ரை எழுத்துக்கோ?" என்று கேட்டார்.

ஓம் என்றேன். இதை வேறு யாருக்கும் சொல்ல வேண்டாம், என்னுடைய மரியாதை என்னாவது, என்றார். அப்படிச் சொல்லிவிட்டு அவரே சிரித்துவிட்டார். பிறகு முகம் மாறி, அந்த மனிசி ஏழு இடம் இடம்பெயர்ந்து எழுதியிருக்கிறா, அவவின் வாயை நாங்கள் பொத்தினது மாதிரி ஆகியிருக்கும், கண்டுபிடிக்கிறம் என்றார். அந்தக் கடைசிச் சொல்லில் எனக்கும் இடம் இருந்தது. அவ்வளவு போதும் எனக்கு.

ஊருக்குப் போன ஒரு குடும்பத்திடம் புஷ்பம் அன்ரியின் தம்பிக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தோம். அவர் அதைச் செல்வராணியிடம் சேர்ப்பித்தார். ஐந்து வாரம் கழித்துப் பதில் வந்தது. ஆசிரியர் பயிற்சிக்காக இன்ன சனிக்கிழமை தான் வவுனியாவுக்கு வருவதாகவும், பின்னேரம் நான்கு மணிக்கு ஒரு தொலைபேசிக் கடையில் நிற்பதாகவும் எழுதி, அந்தக் கடையின் இலக்கத்தையும் தந்திருந்தார். கையெழுத்து கதையில் இருந்த அதே கையெழுத்து. ஒவ்வோர் எழுத்தும் பிள்ளைகளுக்காக எழுதிக் காட்டியதுபோல.

அங்கே நான்கு என்றால் இங்கே காலை பதினொன்று. நாங்கள் பத்து மணிக்கே மேல்மாடியில் கூடிவிட்டோம். அப்போதெல்லாம் சுரண்டுகிற தொலைபேசி அட்டைகள்தான். நாணயத்தால் சுரண்டி, இலக்கத்தை அடித்தால், உங்களுக்கு இத்தனை நிமிடம் இருக்கிறது என்று ஒரு பெண் குரல் ஆங்கிலத்தில் சொல்லும். அந்தக் குரல் சொல்வது ஒருபோதும் உண்மையில்லை. முப்பது என்றால் பதினெட்டில் நிற்கும். பதினேழு தடவை முயன்று பதினெட்டாவது தடவை இணைப்புக் கிடைத்தது. கடைக்காரர் "ரீச்சர்" என்று கூப்பிட்டார்.

குரல் நான் நினைத்ததைவிட இளமையாக இருந்தது. முதலில் யோகன் அண்ணை பேசினார். கதையைப் பற்றி நாலு நல்ல வார்த்தை சொல்லிவிட்டு ரிசீவரை என் கையில் தந்தார். அட்டை கரைந்துகொண்டிருந்தது, சுற்றி வளைக்க நேரமில்லை. கடைசித் தாள் தொலைந்துவிட்டது, அதற்குப் பதிலாக நான் ஒன்று எழுதிவிட்டேன், மன்னிக்க வேண்டும் என்றேன்.

அந்தப் பக்கத்தில் வவுனியாத் தெருவின் சத்தம் கேட்டது. ஏதோ ஒரு பஸ் ஹோர்ன் அடித்தது.

"அதை ஒருக்கா வாசியுங்கோ, கேப்பம்" என்றார்.

என் வாழ்க்கையில் அவ்வளவு கூச்சத்தோடு நான் எதையும் வாசித்ததில்லை. நிலை நின்றது, கதவு பொருந்தியது, நிலவு பால்போல இறங்கியது. ஒவ்வொரு சொல்லும் வாயில் கஸ்டர்ட்போல இனித்தது. முடித்தேன். அட்டை முடிந்துவிட்டதோ என்று நினைத்தேன்.

"வடிவாத்தான் இருக்கு, தங்கச்சி" என்றார். "ஆனா எங்கடை வீட்டிலை இப்ப ஆக்கள் இருக்கினம்."

எனக்கு உடனே விளங்கவில்லை. கதையில் வருவது அவருடைய வீடு, அவருடைய கதவு என்பதே அப்போதுதான் தலைக்குள் ஏறியது. நகல் வைத்திருக்கிறீர்களா என்று கேட்டேன். கொப்பியில் தாள் இருந்தால்தானே நகல் எடுக்க, ஆனால் மனதில் இருக்கிறது, சொல்லட்டுமா என்று கேட்டார். மனோ அக்கா ஸ்பீக்கரை அழுத்தினார். நான் கணினிக்கு முன்னால் உட்கார்ந்தேன். செல்வராணி ரீச்சர் வகுப்பில் சொல்வதெழுதுதல் நடத்துவதுபோல, நிறுத்தி நிறுத்தி, முற்றுப்புள்ளியையும் சொல்லிக்கொண்டு சொன்னார்.

படலையைத் திறந்துகொண்டு உள்ளே போனபோது வீட்டில் வேறொரு குடும்பம் இருக்கிறது. அவர்களும் எங்கிருந்தோ ஓடி வந்தவர்கள். தாயும் மூன்று பிள்ளைகளும். வாசலில் கதவு இருந்த இடத்தில் உரச்சாக்குத் தொங்குகிறது. அந்தத் தாய் இவர்களைக் கண்டதும் பயந்து எழுந்து, எழும்பிப் போகிறோம், ஒரு நாள் தாருங்கள் என்கிறாள். வீட்டுக்காரி தண்ணீர் கேட்டுக் குடிக்கிறாள். குடித்துவிட்டுக் கணவனிடம், நிலையை அளந்து பாருங்கள் என்கிறாள். இரண்டு குடும்பமும் சேர்ந்து கதவை நிலையில் பொருத்திப் பூட்டுகிறார்கள். சரியாகப் பூட்டுப்படுகிறதா என்று பார்க்க அந்தத் தாய் உள்ளே போய்க் கதவைச் சாத்துகிறாள். வீட்டுக்காரி தன் வீட்டுக்கு வெளியே நிற்கிறாள்.

அந்த இடத்தில் அட்டை முடிந்துவிட்டது. டூ என்று ஒரு சத்தம்.

மனோ அக்கா சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு படியில் ஓடியதை அன்றைக்குத்தான் பார்த்தேன். கீழே கடையில் கணவர் தொலைபேசி அட்டையும் விற்றார். மூன்று அட்டையோடு ஓடி வந்தார். யோகன் அண்ணை சுரண்டிக்கொண்டே இருந்தார், நான் இலக்கத்தை அடித்துக்கொண்டே இருந்தேன். திரும்ப இணைப்பு எடுபட அரை மணித்தியாலம் ஆனது. அவர் போயிருப்பார், கடைசி பஸ் போய்விடும் என்று நினைத்தோம். அவர் கடையின் மர வாங்கிலேயே இருந்தார். எடுத்த உடனே, விட்ட இடத்திலிருந்து ஒரு சொல் பிசகாமல் தொடர்ந்தார்.

"உள்ளேயிருந்து கதவு திறந்தது, முற்றுப்புள்ளி. அந்தத் தாய் வாசலில் நின்று சொன்னாள், உள்ளுக்கு வாங்கோவன், முற்றுப்புள்ளி. கதை முடிஞ்சுது."

அந்த முற்றுப்புள்ளியை அடித்துவிட்டு நான் கையை எடுத்தேன். யோகன் அண்ணை இந்தத் தடவை கண்ணாடியைக் கழற்றவில்லை. சும்மா தரையில், புடவைப் பெட்டிகளுக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டார். மிச்சமிருந்த நிமிடங்களில் செல்வராணி ரீச்சர் என்னிடம் ஊருக்கு வந்தீர்களா என்று கேட்டார். எல்லாருக்கும் சொல்கிற பதில் எனக்கு அப்போது வாயில் வரவில்லை. விசா இல்லை, வர ஏலாது என்று உண்மையைச் சொன்னேன்.

"அதுதான் உங்கடை முடிவு அவ்வளவு வடிவா வந்திருக்கு" என்றார். குத்திக்காட்டும் குரலில் சொல்லவில்லை. "வரேக்கை வாங்கோ. வீடு இல்லாட்டியும் நிக்க இடம் இருக்கு."

மலர் ஐப்பசியில் வந்தது. முந்நூற்று எண்பது பக்கம். வெளியீடு ஒரு தேவாலய மண்டபத்தில். வெளியே மழை. முன்பு ஒருவர் வந்தால் மற்றவர் எழும்பிப் போகிற ஆட்களெல்லாம் அன்றைக்கு ஒரே மண்டபத்தில் உட்கார்ந்திருந்தார்கள். இரண்டு பேர் எழும்பிச் சண்டைக்கு ஆயத்தமானார்கள், உண்மைதான். ஏன் இன்னாருடைய கதை இல்லை, ஏன் அந்த ஊர்க் கதை முதலில் வந்தது என்று. ஆனால் இடைவேளையில் மட்டன் றோல்ஸும் பற்றிஸும் வந்தபோது அவர்கள் இருவரும் ஒரே தட்டிலிருந்து எடுத்துக்கொண்டு புத்தளத்துப் பெரியவரின் கதையைப் பற்றிக் கதைத்ததை நான் கண்டேன். கடைசிப் பக்கத்தில் யோகன் அண்ணை, அடுத்த வருடத் தொகுப்புக்குக் கதைகள் அனுப்புங்கள் என்று போட்டிருந்தார். அதை நான்தான் அடித்தேன். ஒரு சந்தேகமும் இல்லாமல் அடித்தேன்.

ஊருக்குப் போனவர்கள் மலரை ஐந்து ஐந்தாகக் கொண்டு போனார்கள். செல்வராணி ரீச்சருக்கு இரண்டு பிரதி போய்ச் சேர்ந்தது. பிள்ளைகள் அதற்குக் கபில நிறக் கடதாசியில் உறை போட்டு, வகுப்பு வகுப்பாகக் கொண்டுபோய் வாசித்ததாக எழுதியிருந்தார். அடுத்த வருடத் தொகுப்பு வரவில்லை. அதற்கடுத்த வருடமும் இல்லை. யுத்தம் திரும்ப வந்து பாதை மூடியது. கடிதங்கள் நின்றன. யுத்தத்தின் கடைசி மாதங்களைப் பற்றி நான் இங்கே எழுத மாட்டேன், உங்களுக்கே தெரியும். எனக்கு ஒவ்வொரு நாளும் அந்தக் குரல் மட்டும் ஞாபகத்தில் இருந்தது.

அவர் தப்பியிருந்தார். யுத்தம் முடிந்து மூன்று வருடம் கழித்துத்தான் எனக்கு அது தெரிந்தது. அதற்குள் எனக்குக் கடவுச்சீட்டும் கிடைத்து, கல்யாணமும் முடிந்து, மகளும் பிறந்திருந்தாள். குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனேன். ஒரு புதுப் பாடசாலைக் கட்டடத்தில் ஆசிரியர் அறையில் சந்தித்தோம். சின்ன உருவம், தடித்த கண்ணாடி. அவரிடமிருந்த இரண்டு பிரதிகளும் ஓடிய வழியில் எங்கோ போய்விட்டன என்றார். வீடும் போய்விட்டது. அதில் இருந்த குடும்பத்தில் தாயும் இரண்டு பிள்ளைகளும் உயிரோடு இருக்கிறார்கள், இப்போது பக்கத்துக் காணிதான் என்றார். என்னுடைய பிரதியைக் கொடுத்தேன். வாங்கி முதலில் தன் கதையைப் பார்க்கவில்லை. யார் யார் எழுதியிருக்கிறார்கள் என்று உள்ளடக்கத்தை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். பிறகு நிமிர்ந்து, நீங்கள் எழுதுகிறதை விட்டுவிட்டீர்களா என்று கேட்டார். விட்டிருந்தேன். அன்றைக்குத் திரும்பத் தொடங்கினேன்.

இன்றைக்கு அந்த மேல்மாடி ஒரு ரியூசன் வகுப்பு. கீழே கடையில் கைபேசி திருத்துகிறார்கள். மனோ அக்கா பேரப்பிள்ளைகளைப் பார்க்க மறுபடி ஜெர்மனிக்குப் போய்விட்டார். அங்கிருந்து நான் முகநூலில் எழுதுவதற்கெல்லாம் பிழை திருத்தி அனுப்புகிறார். யோகன் அண்ணைக்குக் காது மந்தம், கவிதை மட்டும் உரத்து வாசிப்பார். செல்வராணி ரீச்சர் ஓய்வு பெற்றுவிட்டார், இரண்டு தொகுப்புப் போட்டுவிட்டார், மூன்றாவது ஓடிக்கொண்டிருக்கிறது. எழுதி முடித்த கையோடு கைபேசியில் அனுப்பிவிடுவார். நான் சமையலறையில் நின்றுகொண்டே வாசிப்பேன். ஒரு பக்கமும் தொலைவதில்லை.

அந்த வருடத்தில் ஊருக்கு டிக்கெட் போட்ட எல்லாரும் முதல் வேலையாகத் தெரிந்தவர்களுக்கெல்லாம் போன் எடுத்து, பெட்டியில் இடம் இருக்கிறது, ஏதும் கொடுத்துவிட இருக்கோ என்று கேட்பார்கள். எழுத்துக்கும் அவர்களுக்கும் ஒரு தொடர்பும் கிடையாது. தையல்காரர், கடைக்காரர், பெற்றோல் நிலையத்தில் ஷிப்ட் செய்கிறவர். தாங்கள் கொண்டு போவது என்ன, கொண்டு வருவது என்ன என்று அவர்கள் பிரித்துப் பார்க்கவில்லை. எங்கள் ஒரு வருட இலக்கியம் முழுக்க அவர்களுடைய சேலைக்கும் பால்மாவுக்கும் நடுவில்தான் பயணம் செய்தது. இப்போது அந்தக் கேள்வியை யாரும் கேட்பதில்லை. இந்தச் சித்திரையில் ஊருக்குப் போவதற்கு முன் நான் பழக்கதோஷத்தில் ஏழெட்டுப் பேருக்குப் போன் எடுத்துக் கேட்டேன். எல்லாரும் சந்தோஷமாகக் கதைத்தார்கள். அங்கே எல்லாம் இருக்குது, நீங்கள் போயிட்டு வாங்கோ என்றார்கள். விமான நிலையத்துத் தராசில் என் பெட்டியை வைத்தேன். பதின்மூன்று கிலோ. இருபத்துமூன்று வரை கொண்டு போகலாம். மிச்சப் பத்துக் கிலோவும் சும்மா போய் வந்தது.